தெருவுக்கும் ஒரு படிவம்

சமூகவியலும் சமூகப்பணியும் படிக்கும் முதுகலை மாணவர்களுக்கு ஒரு திறந்த மடல்

அன்புள்ள மாணவ மாணவியரே,

அடுத்த பருவத்தில் உங்களில் பலர் களப்பணிக்குப் போவீர்கள். கையில் அட்டையும் படிவமும் இருக்கும், அல்லது செல்போனில் ஒரு செயலி இருக்கும். ஏதோ ஒரு குடியிருப்பில் வீடு வீடாக நின்று, எத்தனை பேர், மாத வருமானம் எவ்வளவு, கழிப்பறை உண்டா, குடிப்பழக்கம் உண்டா என்று கேட்பீர்கள். முப்பது வருஷமாக உங்களைப் போன்றவர்களை அப்படி அனுப்பிவைத்த வாத்தியார் நான். ஓய்வு பெற்றுவிட்டேன். எனக்குத் தாமதமாக விளங்கிய ஒரு விஷயத்தை நீங்கள் கிளம்புவதற்கு முன்பே சொல்லிவிட வேண்டும் என்று தோன்றுகிறது.

சென்னைக்கு வெளியே ஒரு மறுகுடியமர்வுக் குடியிருப்பு. ஆற்றங்கரையில் இருந்தவர்களை லாரியில் ஏற்றிக் கொண்டுவந்து விட்ட இடம். காலை ஒன்பது மணி, குழாயடி. என் மாணவி ஒருத்தி வரிசையில் நின்ற ஓர் அம்மாவிடம் கேட்டுக்கொண்டிருந்தாள். அந்த அம்மாவும் பொறுமையாகப் பதில் சொல்லிக்கொண்டே வந்தார். 'குடும்பத்தில் யார் மீதாவது போலீஸ் வழக்கு உண்டா' என்ற கேள்வி வந்ததும் குடத்தை இடுப்பிலிருந்து இறக்கிக் கீழே வைத்தார். "எங்கள கேக்குறியே பாப்பா, எங்கள இங்க இட்டாந்து வுட்டாங்களே, அவுங்கள கேட்டியா? காலைல நாலு மணிக்கு எழுந்து மூணு பஸ் மாறி வேலைக்குப் போறோம். அத எதுல எழுதுவ?" என்றார்.

அவள் என்னைத் திரும்பிப் பார்த்தாள். "'இதர தகவல்' கட்டத்தில் எழுதிக்கொள்" என்றேன். அந்தக் கட்டம் இரண்டு விரல் அகலம்கூட இருக்காது.

அன்று இரவு எனக்குத் தூக்கம் வரவில்லை. வருஷா வருஷம் வகுப்பில் பெயர் மட்டும் சொல்லிவிட்டுத் தாண்டிப்போன ஒரு புத்தகத்தை எடுத்து முதல் பக்கத்திலிருந்து படித்தேன். 1899இல் வெளிவந்தது. 'தி பிலடெல்பியா நீக்ரோ'. எழுதியவர் டபிள்யூ. இ. பி. டு பாய்ஸ். நகரத்துத் தெருவில் இனமும் சமூக வாழ்வும் எப்படிப் பின்னிக்கிடக்கின்றன என்பதை வீடு வீடாகப் போய் ஆராய்ந்த முதல் பெரிய அமெரிக்க நூல் என்று அதைத் தயங்காமல் சொல்லலாம். உங்கள் பாடத்திட்டத்தில் அது ஒரு வரியாக இருக்கலாம். ஒரு வரியும் இல்லாமலே போயிருக்கலாம்.

1896 ஆகஸ்டில் டு பாய்ஸ் பிலடெல்பியாவுக்கு வந்தபோது அவருக்கு வயது 28. கல்யாணமாகி மூன்று மாதம். அதற்கு முந்தைய வருஷம்தான் ஹார்வர்டில் முனைவர் பட்டம் வாங்கியிருந்தார். அங்கே அந்தப் பட்டம் பெற்ற முதல் கறுப்பர் அவர். பெர்லினில் இரண்டு வருஷம் படித்தவர். பென்சில்வேனியா பல்கலைக்கழகம் அவரை அழைத்தது. வகுப்பெடுக்கும் வேலை தரவில்லை. சமூகவியல் உதவியாளர் என்று ஒரு பதவிப்பெயர், ஓராண்டுக்கு 900 டாலர் சம்பளம். பல்கலைக்கழகத்தின் ஆசிரியர் பட்டியலில் அவர் பெயர் அச்சாகவில்லை.

அவரை எதற்காக அழைத்தார்கள் என்பதை நீங்கள் கவனிக்க வேண்டும். அன்று வடமாநில நகரங்களிலேயே கறுப்பர்கள் அதிகம் வாழ்ந்தது பிலடெல்பியாவில்தான். 1890 கணக்குப்படி 39,371 பேர். நகரம் கெட்டுப்போகிறது, குற்றம் பெருகுகிறது, காசுக்கு ஓட்டு விற்கிறார்கள், எல்லாவற்றுக்கும் காரணம் ஏழாம் வார்டில் நெருக்கியடித்து வாழும் இந்த மக்கள்தான் என்று மேல்தட்டில் ஒரு முடிவு இருந்தது. அதற்கு ஆய்வு முத்திரை ஒன்று தேவைப்பட்டது. டு பாய்ஸே பிற்காலத்தில் இதை வெளிப்படையாக எழுதியிருக்கிறார். அழைப்புக்கு முன்கை எடுத்த சூசன் வார்ட்டன் நல்லெண்ணம் கொண்ட பெண்மணி, குவேக்கர் வழிவந்தவர். நல்லெண்ணம் உள்ளவர்கள் கேட்கும் கேள்விக்குள்ளும் பதில் முன்கூட்டியே உட்கார்ந்திருக்கலாம். இந்த மக்களுக்கு என்ன கோளாறு என்று கேட்டுவிட்டால், கோளாறு இருக்கிறது, அது இவர்களிடம்தான் இருக்கிறது என்ற இரண்டையும் ஏற்றுக்கொண்ட பிறகுதான் ஆய்வே ஆரம்பிக்கிறது.

ஓட்டைப் பற்றி அவர்கள் பேசியது எனக்கு இன்னும் உறைக்கிறது. பென்சில்வேனியா மாநிலம் 1838இல் கறுப்பர்களிடமிருந்து வாக்குரிமையைப் பறித்தது. அது திரும்பக் கிடைத்தது 1870இல். அடுத்த வருஷம் அக்டோபர் 10, தேர்தல் நாளன்று, ஆக்டேவியஸ் கேட்டோ என்ற கறுப்பினப் பள்ளி ஆசிரியரை சவுத் ஸ்ட்ரீட்டில் சுட்டுக்கொன்றார்கள். ஓட்டுப்போடத் தன் மக்களைத் திரட்டியவர் அவர். அந்த சவுத் ஸ்ட்ரீட்தான் ஏழாம் வார்டின் தெற்கு எல்லை. 25 வருஷம் கழித்து அதே தெருவுக்கு ஆளனுப்பி, இவர்கள் ஓட்டை எப்படிப் பயன்படுத்துகிறார்கள் என்று கேட்கச் சொன்னார்கள்.

டு பாய்ஸ் மறுக்கவில்லை, வந்தார். பல்கலைக்கழகத்துக்குப் பக்கத்தில் வீடு பார்க்காமல், வார்டின் கிழக்கு முனையில், லம்பார்டு தெருவும் ஏழாம் தெருவும் சேரும் இடத்துக்கு அருகே, ஒரு சிற்றுண்டிச்சாலைக்கு மேலே ஒற்றை அறையில் மனைவியோடு குடியேறினார். வார்டிலேயே மோசமான பகுதி அது. 1898 தொடக்கம்வரை, இடையில் சில காலம் தவிர, அங்கேதான் இருந்தார். உதவிக்கு ஆள் வைத்துக்கொள்ளவில்லை. ஏழாம் தெருவிலிருந்து ஸ்கூல்கில் ஆறு வரை, ஸ்ப்ரூஸ் தெருவிலிருந்து சவுத் ஸ்ட்ரீட் வரை, ஒரு ரிப்பனைப் போல நீண்டு கிடக்கும் அந்த வார்டில் ஏறத்தாழ இரண்டாயிரத்து ஐந்நூறு குடும்பங்களைத் தானே போய்ப் பார்த்தார். 9,675 கறுப்பர்களைக் கணக்கில் எடுத்தார். ஒரு வீட்டில் பத்து நிமிஷம் ஆகும், சில வீட்டில் ஒரு மணி நேரமும் ஆகும். அந்த மக்களும் அவரை மாலை போட்டு வரவேற்கவில்லை. நம்மை அறுத்துப் பார்க்க நம் நிறத்திலேயே ஓர் ஆளை அனுப்பியிருக்கிறார்களே என்று முணுமுணுத்தவர்கள் உண்டு. ஆனால் கதவைத் திறக்க மறுத்தவர்கள் வெகு சிலர்தான்.

இனி அவருடைய படிவங்களுக்கு வருகிறேன். உங்களுக்கு இந்த மடலை எழுதக் காரணமே அவைதான்.

ஆறு படிவங்கள் வைத்திருந்தார். குடும்பத்துக்கு ஒன்று. தனி ஆளுக்கு ஒன்று. வீடு என்ற கட்டடத்துக்கு ஒன்று. பணக்கார வீடுகளிலேயே தங்கி வேலை செய்யும் பணியாட்களுக்கு ஒன்று. சபை, சங்கம் போன்ற அமைப்புகளுக்கு ஒன்று. தெருவுக்கு ஒன்று. தெருவுக்கும் ஒரு படிவம் என்பதைப் படித்த இடத்தில் புத்தகத்தை மூடிவைத்துவிட்டு வெகுநேரம் உட்கார்ந்திருந்தேன். எங்கள் துறையில் நாங்கள் அச்சடித்த படிவங்கள் எல்லாமே ஆளைக் கேட்டவை. சந்து எங்கே முட்டி நிற்கிறது, சாக்கடை யார் வீட்டு வாசலில் தேங்குகிறது, பஸ் எத்தனை மணிக்கு வருகிறது என்று தெருவை நாங்கள் கேட்டதே இல்லை. அந்த அம்மா குடத்தை இறக்கி வைத்துக் கேட்டாரே, அதற்கான படிவம் இதுதான். நூறு வருஷத்துக்கு முன்பே ஒருவர் அதை அச்சடித்துக் கையில் வைத்திருந்தார்.

தெருவை ஆராய்ந்ததால் அவருக்குக் கிடைத்த பதில்கள் ஆளை மட்டும் கேட்டிருந்தால் கிடைத்திருக்காது. வாடகையை எடுத்துக்கொள்ளுங்கள். கறுப்பர்கள் மோசமான வீட்டுக்கு அதிக வாடகை கொடுத்தார்கள். ஏன் வேறிடம் போகவில்லை? ஆணும் பெண்ணும் பெரும்பாலும் வேலை பார்த்தது நகரின் நடுவில் வசதியானவர்களின் வீடுகளில், ஓட்டல்களில். சமையல், பரிமாறுதல், துணி வெளுத்தல், சுமை தூக்குதல். வேலைக்கு நடந்து போகும் தூரத்தில் இருந்தாக வேண்டும். அங்கே இடம் விலை அதிகம். வேறு பகுதிகளில் வீட்டுத் தரகர்கள் கறுப்பர் என்றால் வாடகையை ஏற்றினார்கள், அல்லது வீடே இல்லை என்றார்கள். போதாக்குறைக்குச் சொந்தபந்தமும் சபையும் இங்கே. வாடகையைச் சமாளிக்க அறைகளை உள்வாடகைக்கு விட்டார்கள். அந்நிய ஆட்கள் வீட்டுக்குள் வந்து தங்குவதால் குடும்பத்தின் அந்தரங்கம் போயிற்று. வெளியிலிருந்து பார்ப்பவர் கண்ணில் 'ஒழுக்கக்கேடு' என்று படுவது, கணக்கைப் பின்னோக்கிப் பிடித்துக்கொண்டு போனால் தரகரின் மேஜையில் போய் நிற்கிறது. 2,441 குடும்பங்களில் குளியலறையும் தண்ணீர்க் கழிப்பறையும் இருந்தது 334 குடும்பங்களுக்கு மட்டும்.

மரணக் கணக்கிலும் இதே கதைதான். அதே 1896இல் பிரெடரிக் ஹாஃப்மன் என்ற காப்பீட்டுப் புள்ளியியலாளர் ஒரு பெரிய நூல் வெளியிட்டார். கறுப்பர்கள் அதிகம் சாகிறார்கள், அது அவர்கள் இனத்தின் இயல்பு, போகப் போக அழிந்துவிடுவார்கள் என்பது அவர் வாதம். அட்டவணைகள் நிறைய இருந்ததால் அதைப் பலர் நம்பினார்கள். டு பாய்ஸ் அதே வகை எண்களை வார்டு வார்டாகப் பிரித்து வைத்தார். கறுப்பர்கள் நல்ல வீடுகளில் வாழ்ந்த வார்டில் சாவு குறைவு. சேறும் சகதியுமான சந்துகள் நிறைந்த வார்டில் சாவு மிக அதிகம். இரண்டு இடத்திலும் இனம் ஒன்றே, நிலம்தான் வேறு. புள்ளியியலை எனக்குப் புரியவைத்தது எந்தப் பாடநூலும் இல்லை, இந்த ஓர் ஒப்பீடுதான். மொத்தச் சராசரியைக் காட்டி ஒரு மக்களைப் பற்றி யாராவது தீர்ப்பு சொன்னால், அதை இடம் இடமாகப் பிரித்துக் காட்டுங்கள் என்று கேட்க உங்களுக்குத் தெரிந்திருக்க வேண்டும்.

பதில்களை அவர் அப்படியே விழுங்கவும் இல்லை. வார்டில் விதவைகள் என்று சொல்லிக்கொண்டவர்களின் எண்ணிக்கை வழக்கத்துக்கு மேல் அதிகமாக இருந்தது. கணவன் விட்டுப்போனவர்கள், கல்யாணமாகாமல் தாயானவர்கள் சிலரும் அந்தச் சொல்லுக்குள் ஒதுங்கியிருக்கிறார்கள் என்று அவர் கண்டுகொண்டார். முன்பின் தெரியாத ஆள் வாசலில் நின்று கேட்கும்போது ஒரு பெண் சொல்லும் 'விதவை' என்ற பதிலில் பொய்யைவிட மானம்தான் அதிகம் இருக்கிறது. நீங்கள் போகும் வீடுகளிலும் இது இருக்கும். "வீட்டுக்காரர் வெளியூர்ல வேலை" என்ற பதிலை எழுதிக்கொண்டு மேலே ஒரு வார்த்தை கேட்காமல் அடுத்த கேள்விக்குப் போய்விடுங்கள்.

புத்தகத்தில் என்னை மிகவும் உலுக்கிய இடத்தை இப்போது சொல்கிறேன். இன வெறுப்பால் வேலை இழந்தவர்களைப் பற்றி அவர் ஒருவர் பின் ஒருவராக அடுக்கிக்கொண்டே போகிறார். கொத்தனார், அச்சுக்கோர்ப்பவர், தட்டச்சு கற்ற பெண், தச்சர். பெயர் இல்லை, தொழிலும் நடந்ததும் மட்டும். அவர்களில் ஒருவர் இயந்திரவியல் படித்தவர். அதே பென்சில்வேனியா பல்கலைக்கழகத்தில் பட்டம் வாங்கியவர். நல்ல மதிப்பெண், நல்ல சான்றிதழ். விளம்பரம் பார்த்து விண்ணப்பித்தார், வேலை கிடைத்தது. சில மணி நேரம் வேலை செய்தார். கறுப்பர் என்று தெரிந்ததும் அனுப்பிவிட்டார்கள். பிறகு பல்கலைக்கழக மன்றத்தின் சாப்பாட்டுக் கூடத்தில் பரிமாறும் வேலைக்குச் சேர்ந்தார். அவரோடு ஒரே வகுப்பில் படித்த வெள்ளைக்காரர்கள் வந்து சாப்பிடும் இடம் அது.

இதற்கு மேல் டு பாய்ஸ் அதிகம் எழுதவில்லை, அடுத்தவருக்குப் போய்விடுகிறார். நான் அந்த மேஜையை நினைத்துப் பார்த்துக்கொண்டே இருந்தேன். தட்டை வைக்கும்போது யார் முகத்தை யார் பார்த்திருப்பார்கள்? இவர்கள் ஏன் படிப்பில் ஆர்வம் காட்டுவதில்லை என்று அந்த நகரம் கேட்டுக்கொண்டிருந்தது. படித்தவனுக்கு என்ன நடந்தது என்பது அவன் தெருப் பிள்ளைகள் எல்லோருக்கும் தெரியும். ஆர்வம் எப்படிக் குறைகிறது என்பதை அறிய அந்தச் சாப்பாட்டுக் கூடத்துக்குப் போயிருக்க வேண்டும், வேலைக்கு எடுத்துவிட்டு அனுப்பிய முதலாளியிடம் போயிருக்க வேண்டும், கறுப்பரைச் சேர்க்க மாட்டோம் என்ற தொழிற்சங்கங்களின் வாசலுக்குப் போயிருக்க வேண்டும். டு பாய்ஸின் புத்தகம் இந்த இடங்களுக்கெல்லாம் போகிறது. அவருக்குக் கொடுக்கப்பட்டிருந்த கேள்வியை அவர் திருப்பி, கேட்டவர்கள் பக்கம் வைத்துவிட்டார்.

இன்னொன்றையும் அவர் பார்த்தார், இரக்கத்தோடு மட்டும் பார்க்க வருபவர்கள் தவறவிடுவது அது. அந்த மக்கள் தாங்களே கட்டியவை. வார்டு எல்லையிலிருந்து ஒரு தெரு தள்ளி, ஆறாம் தெருவில், மதர் பெத்தேல் தேவாலயம் நிற்கிறது. ரிச்சர்டு ஆலனும் அப்சலம் ஜோன்ஸும் சேர்ந்து 1787இல் தொடங்கிய சுதந்திர ஆப்பிரிக்கச் சங்கத்தின் வழியில் வந்தது. நோயாளிக்கும் விதவைக்கும் உதவ, செத்தவரை அடக்கம் செய்ய, சந்தா வசூலித்து நடந்த சங்கம். டு பாய்ஸ் காலத்தில் நகரத்தில் கறுப்பர் சபைகள் 55 இருந்தன. ஞாயிறு ஜெபத்துக்கு மட்டும் அல்ல. வேலை பற்றிய தகவல், கச்சேரி, சொற்பொழிவு, பிள்ளைகளின் கல்யாணப் பேச்சு எல்லாம் அங்கேதான். பத்தொன்பதாம் நூற்றாண்டின் முற்பாதியில் நகரத்தின் பெரிய விருந்துகளையெல்லாம் கையில் வைத்திருந்த சமையல் ஒப்பந்தக்காரர்கள் கறுப்பர்கள். பணியாளாக ஆரம்பித்த ராபர்ட் போகிள் போன்றவர்கள் அதை ஒரு தொழிலாகவே வளர்த்தார்கள். குறைகளை மட்டும் பட்டியலிட்டுக் கொண்டுவந்தால் இவையெல்லாம் உங்கள் படிவத்துக்கு வெளியே நின்றுவிடும்.

டு பாய்ஸைக் கும்பிட்டுவிட்டு நகரும்படி உங்களிடம் சொல்ல மாட்டேன். வார்டின் ஒவ்வொரு வீட்டுக்கும் நிறம் கொடுத்து வரைபடம் போட்டார். லண்டனில் சார்லஸ் பூத் செய்ததையும் சிகாகோவில் ஹல் ஹவுஸ் என்ற சமூகநல இல்லத்துப் பெண்கள் 1895இல் வெளியிட்டதையும் அடியொற்றிய முறை. நான்கு படிகள். வசதியானவர்களுக்குச் சிவப்பு, ஓரளவு நன்றாக இருக்கும் உழைப்பாளிகளுக்குப் பச்சை, ஏழைகளுக்கு நீலம். கடைசிப் படியில் ஒழுக்கங்கெட்டவர்களும் குற்றவாளிகளும், அவர்களுக்குக் கறுப்பு. சந்துக்குள் இருக்கும் ஒரு வீட்டைப் பார்த்து, இவர்கள் ஏழை, பக்கத்து வீட்டார் கெட்டவர்கள் என்று எதை வைத்து முடிவு செய்தார்? நியூ இங்கிலாந்தில் கண்டிப்பான சூழலில் வளர்ந்த இளைஞர் அவர். நடனக்கூடமும் சூதாட்டமும் அவருக்கு ஒவ்வாது. வீண்செலவு செய்யாதீர்கள் என்று அந்த மக்களுக்குப் புத்தக முடிவில் உபதேசமும் செய்கிறார். தெருவை அவ்வளவு பொறுமையாகக் கேட்டவருக்கே, அடித்தட்டில் இருப்பவர் என்று வரும்போது குரல் மாறிவிடுகிறது. எனக்கு இது வருத்தம் தரும் பகுதி. என் மாணவியின் படிவத்தில் போலீஸ் வழக்குக் கேள்வியைச் சேர்த்தது நான்தான் என்பதால், அவரைக் குறை சொல்லும்போது என் கையும் சேர்ந்து சுடுகிறது.

வரைபடத்துக்கு நிறம் பூசுவது சின்ன வேலை இல்லை என்பதை அந்த நாடே பிறகு கண்டது. 1933இல் அமெரிக்க அரசு வீட்டுக்கடன் நிறுவனம் ஒன்றை அமைத்தது. அது 200க்கும் மேற்பட்ட நகரங்களுக்குப் பகுதிவாரியாகப் படம் போட்டது. மீண்டும் நான்கு நிறம்: பச்சை, நீலம், மஞ்சள், சிவப்பு. இந்த முறை மனிதரின் நிலையைக் குறித்த நிறங்கள் அல்ல, கடன் கொடுத்தால் எவ்வளவு ஆபத்து என்பதைக் குறித்தவை. ஒவ்வொரு பகுதிக்கும் ஒரு படிவம் இருந்தது. அதில் கறுப்பர் உண்டா, எத்தனை சதவீதம் என்று ஒரு கட்டம். யார் 'ஊடுருவுகிறார்கள்' என்று இன்னொரு கட்டம். நிரப்பித் தந்தவர்கள் பெரும்பாலும் உள்ளூர் வீட்டுத் தரகர்களும் கடன் கொடுப்பவர்களும். கறுப்பர் வாழ்ந்த பகுதிகள் ஏறக்குறைய எல்லாமே சிவப்பாயின. சிவப்பில் இருந்தவருக்கு வீடு வாங்கவும் பழுதுபார்க்கவும் கடன் கிடைப்பது குதிரைக்கொம்பு. இந்தப் படங்கள்தான் மறுப்புக்குக் காரணமா, வங்கிகளும் அரசும் ஏற்கெனவே செய்துகொண்டிருந்ததை இவை தாளில் ஏற்றினவா என்று ஆய்வாளர்கள் இன்றும் வாதிடுகிறார்கள். 1968இல் நியாயமான வீட்டுவசதிச் சட்டம் வந்து பாகுபாட்டைத் தடை செய்யும் வரை ஒரு தலைமுறையே வீட்டுச் சொத்து சேர்க்க முடியாமல் போனது.

டு பாய்ஸின் தெருப் படிவம், தரகரின் பகுதிப் படிவம். இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். இரண்டுமே ஆட்களை எண்ணுகின்றன, சாக்கடையைக் குறிக்கின்றன, நான்கு நிறத்தில் முடிகின்றன. முதலாவது அந்த மக்கள் மேல் சுமத்தப்பட்ட பழியை அவிழ்க்கப் பிறந்தது. இரண்டாவது அந்த மக்களிடமிருந்து பணத்தைப் பாதுகாக்கப் பிறந்தது. ஆகவே உங்கள் கையில் ஒரு படிவம் கொடுக்கப்பட்டால், அதைத் தந்த அலுவலகமோ அறக்கட்டளையோ நிறுவனமோ விவரத்தை வைத்து என்ன செய்யப் போகிறது என்று கேளுங்கள். கேட்பதற்குக் கூச்சப்படாதீர்கள். பதில் மழுப்பலாக இருந்தால் அந்தக் கேள்விகளைக் கேட்க மாட்டேன் என்று சொல்லும் உரிமை மாணவருக்கும் உண்டு. மதிப்பெண் குறையலாம். குறைந்தாலும் சொல்லுங்கள்.

படிவத்தில் எழுதும் பெயரைப் பற்றி, சிகாகோவிலிருந்து ஒன்று மட்டும். செயின்ட் கிளேர் டிரேக், ஹொரேஸ் கேடன் என்ற இரு கறுப்பின அறிஞர்கள் 1945இல் 'பிளாக் மெட்ரோபொலிஸ்' என்ற நூலை வெளியிட்டார்கள். அந்த நகரின் தென்பகுதியை வெளியார் 'கறுப்புப் பட்டை' என்று அழைத்தார்கள். அங்கே வாழ்ந்தவர்களிடம் வேறொரு பெயர் இருந்தது, 'பிரான்ஸ்வில்'. வெண்கல நிறத்து ஊர். டிரேக்கும் கேடனும் அந்தப் பெயரையே எடுத்துக்கொண்டார்கள். வெளியார் வைத்த பெயருக்கும் உள்ளே இருப்பவர் சொல்லும் பெயருக்கும் நடுவில் எவ்வளவு இருக்கிறது பாருங்கள். நீங்கள் போகும் இடத்துக்கு அரசுக் கோப்பில் ஒரு பெயரும் திட்ட எண்ணும் இருக்கும். அங்குள்ள பிள்ளைகள் அதை என்ன சொல்லிக் கூப்பிடுகிறார்கள் என்று கேட்டு, அதை முதல் பக்கத்தில் எழுதுங்கள்.

டு பாய்ஸ் பிறகு என்ன ஆனார் என்று கேட்பீர்கள். அட்லாண்டா பல்கலைக்கழகத்துக்குப் போனார். உலகம் தவறாக நினைப்பது அறியாமையால்தான், உண்மையை எடுத்துக்காட்டினால் திருந்திவிடும் என்று நம்பியிருந்தார். புத்தகம் வெளிவந்த அதே 1899இல் ஜார்ஜியாவில் சாம் ஹோஸ் என்ற கறுப்பினத் தொழிலாளியை ஒரு கும்பல் உயிரோடு எரித்தது. அதைப் பற்றி நிதானமாக ஒரு கடிதம் எழுதி எடுத்துக்கொண்டு செய்தித்தாள் அலுவலகத்துக்கு நடந்துபோனார் டு பாய்ஸ். வழியில், செத்தவரின் விரல் முட்டுகளைக் கொஞ்ச தூரத்தில் உள்ள ஒரு மளிகைக் கடையில் காட்சிக்கு வைத்திருக்கிறார்கள் என்று கேள்விப்பட்டார். அப்படியே திரும்பி வீட்டுக்கு வந்துவிட்டார். அதன் பிறகு அவர் ஆராய்ச்சியை விடவில்லை. ஆனால் அட்டவணை மட்டும் போதும் என்ற எண்ணம் அவரை விட்டுப் போயிற்று. இயக்கம் கட்டினார், பத்திரிகை நடத்தினார், உலகம் முழுக்க எழுதினார். 1946 ஜூலையில் டாக்டர் அம்பேத்கர் அவருக்கு ஒரு கடிதம் எழுதினார். அமெரிக்கக் கறுப்பர்கள் ஐக்கிய நாடுகள் சபைக்கு அனுப்பும் மனுவின் பிரதி கிடைக்குமா என்று கேட்டிருந்தார். அந்த மாதம் முடிவதற்குள் டு பாய்ஸ் பதில் போட்டார். சமூகவியல் படிக்கும் நம் பிள்ளைகள் அந்த இரண்டு கடிதங்களையும் தேடிப் படிக்க வேண்டும் என்பது என் நெடுநாள் ஆசை.

1963இல் அவர் கானா நாட்டில் இறந்தார். பெயரை அச்சிட மறுத்த பென்சில்வேனியா பல்கலைக்கழகம் 2012இல் அவருக்கு மதிப்புறு ஓய்வுநிலைப் பேராசிரியர் பட்டம் வழங்கியது. ஏழாம் வார்டு இன்று பழைய ஏழாம் வார்டாக இல்லை. சவுத் ஸ்ட்ரீட் வழியாக விரைவுச்சாலை போடுகிறோம் என்று சொல்லிச் சொல்லியே பல வருஷம் அந்தத் தெருவைக் கவனிப்பாரற்று விட்டார்கள். அங்கிருந்தவர்கள் எதிர்த்து நின்றதால் 1970களில் திட்டம் கைவிடப்பட்டது. ஆனால் அதற்குள் கறுப்பர்களில் பலர் வெளியேறிவிட்டார்கள். இன்று அங்கே வீடு வாங்க நிறையப் பணம் வேண்டும். டு பாய்ஸ் கதவைத் தட்டிய குடும்பங்களின் பேரப்பிள்ளைகள் எங்கே இருக்கிறார்கள் என்று கேட்டால், அது இன்னொருவர் எடுத்துச் செய்ய வேண்டிய ஆய்வு.

நீங்கள் கிளம்பும்போது என்ன செய்ய வேண்டும் என்பதில் எனக்கு இரண்டு மூன்றுதான் கேட்கத் தோன்றுகிறது. ஒரு நாளில் ஐம்பது படிவம் முடிக்கச் சொன்னால் ஒப்புக்கொள்ளாதீர்கள். முடிந்தால் அங்கேயே ஓர் அறை எடுத்துத் தங்குங்கள். ஒரு வாரமாவது போதும், இரவு கரண்டு போகும்போது அந்தத் தெரு எப்படி இருக்கிறது என்று தெரியும். வீட்டுக்காரரைக் கேட்டதைப் போல, அவரை வேலைக்கு வேண்டாம் என்றவரையும், அந்த முகவரி என்றதும் கடன் மறுத்தவரையும், அந்த இடத்தைத் தேர்ந்தெடுத்து வரைபடத்தில் கையெழுத்துப் போட்டவரையும் தேடிப்போய்க் கேளுங்கள். அவர்கள் வீட்டு வாசலில் காவலாளி இருப்பார். நாற்காலியில் உட்காரவைத்து மணிக்கணக்கில் காக்கவைப்பார்கள். குழாயடியில் அந்த அம்மா கொடுத்த பொறுமையில் பாதியைக்கூட அவர்களிடம் எதிர்பார்க்க முடியாது. அந்தக் காத்திருப்பையும் எழுதிவையுங்கள், எத்தனை மணி நேரம் என்று. எழுதி முடித்ததும், நீங்கள் கேள்வி கேட்ட மக்களிடமே கொண்டுபோய் வாசித்துக் காட்டுங்கள்.

இந்தக் கடைசிக் காரியத்தை நானே ஒரே ஒரு முறைதான் செய்தேன், அதுவும் நாலு வருஷம் கழித்து. துறை வெளியிட்ட அறிக்கையை எடுத்துக்கொண்டு அந்தக் குடியிருப்புக்குப் போனேன். அந்த அம்மாவை விசாரித்துக் கண்டுபிடிக்க அரைநாள் ஆனது. என்னை அவருக்கு ஞாபகம் இல்லை, அந்த மாணவியை ஞாபகம் இருந்தது. "அந்தப் பாப்பா கல்யாணம் கட்டிக்கிச்சா?" என்று கேட்டார். அவருடைய பேத்தி, ஒன்பதாம் வகுப்பு, படிக்கட்டில் உட்கார்ந்து அவர்கள் பிளாக்கைப் பற்றிய பக்கத்தை உரக்கப் படித்தாள். மக்கள் தொகை, தொழில், வருமானம். அந்த அம்மா ஒன்றும் சொல்லாமல் கேட்டுக்கொண்டிருந்தார். குடிநீர் வசதி: பொதுக் குழாய்கள் இரண்டு என்று வந்த இடத்தில் கையை நீட்டி நிறுத்தினார்.

"ரெண்டு இல்ல சார், ஒண்ணுதான். நீங்க வந்தப்பவே இன்னொண்ணு உடஞ்சி கெடந்துச்சி. நாங்க அதுல துணி காயப் போட்டுனு இருந்தோம்."

பேத்தியின் பென்சிலை வாங்கி அங்கேயே திருத்தினேன். துறை நூலகத்துப் பிரதியிலும் மறுநாளே திருத்திவிட்டேன். நீங்கள் எடுத்துப் பார்த்தால் 41ஆம் பக்கத்தில் இருக்கும்.

அன்புடன்,
உங்கள் பழைய வாத்தியார்